திருடனைத் துரத்திய திரையும் திரையைத் துரத்தியோரும்

தமிழ் இளைஞன் ஒருவன் கத்தி எடுத்தான் என்று செய்தி வந்ததும், 'எல்லாம் சினிமாவால் விளைந்த கேடு' என்று தீர்ப்பளிப்பது ஆசிரியர் அறைகளில் வேரூன்றிவிட்ட வழக்கம். சிறைச்சாலை உள்ள ஊராகிய பத்து காஜாவில் இப்பேச்சு மிக எளிதாக எடுபடும். ஆயின் இத்தீர்ப்பை முதலில் எழுதியவர் யாவர்?

1903ஆம் ஆண்டில் ஷெஃபீல்டு நகரத்து ஃபிராங்க் மாட்டர்ஷா, பட்டப்பகலில் வீடு புகுந்த திருடனைப் படமாக்கினார். கூரைமேல் கைகலப்பு, காவலர் கீழே வீழ்கிறார், திருடன் ரயிலேறித் தப்புகிறான், அடுத்த நிலையத்தில் பிடிபடுகிறான். சில நிமிடப் படந்தான்! 1905இல் வில்லியம் ஹாகர், தூக்கிலிடப்பட்ட சார்லஸ் பீஸ் என்னும் கொலைஞனின் வாழ்வையே படமாக்கினார். அதில் அவன் பாதிரியார் வேடமிட்டுக் காவலரை ஏய்க்கிறான். பிரிட்டிஷ் தொழிலாளி சந்தைக் கொட்டகையில் இவற்றைக் கண்டு களித்தான். அவனுக்கு அது பொழுதுபோக்கு; குடியேற்ற நாட்டானுக்கு மட்டும் நஞ்சாம்!

1918ஆம் ஆண்டுச் சட்டத்தின்வழி 1920இல் சென்னையில் அமைந்த தணிக்கைக் குழுவுக்குத் தலைவர் யார்? போலீஸ் கமிஷனர். கலையை அளக்கும் கோல் லத்தியாயிற்று. பின்னர் 1927இல் டி. ரங்காச்சாரியார் தலைமையில் அமைந்த விசாரணைக் குழு நாடெங்கும் சாட்சியம் கேட்டது. மேனாட்டுப் படங்கள் மக்களைக் கெடுத்தன என்னும் கூக்குரலை 1928ஆம் ஆண்டு அறிக்கையில் அக்குழு ஏற்கவில்லை. ஆட்சியாளரோ அறிக்கையைக் கிடப்பில் போட்டனர்.

அந்த லத்தி இன்னும் கீழே வைக்கப்படவில்லை. 2016இல் 'கபாலி' மலேசியாவில் திரையிடப்பட்டபோது, முடிவில் கபாலி காவல்துறையிடம் சரணடைந்தான் என்னும் எழுத்து சேர்க்கப்பட்டது. ஒரு வரி எழுத்தால் குண்டர் கும்பல் ஒழியுமெனின், அவ்வரியைக் கரும்பலகையில் எழுதிவிட்டுப் பள்ளிகளை மூடிவிடலாமே!

பேராக் மாநிலத்து ரப்பர்த் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது லயம் போயிற்று, கோயில் திடல் போயிற்று, பிள்ளையை அதட்டும் அடுத்த வீட்டுப் பெரியவரும் போயினர். நகரோர அடுக்குமாடியில், தாய் தந்தை இருவரும் வேலையிலிருந்து திரும்பும்வரை அச்சிறுவனுக்குத் துணை யார்? கும்பல் அவனைப் பெயர் சொல்லி அழைக்கிறது. பள்ளியோ இடைநிலைக்கு அனுப்பியதும் அவன் பெயரைப் பதிவேட்டிலிருந்து நீக்கிவிடுகிறது. இதனைக் கேட்கத் துணியாதார்க்கே சினிமா வாய்ப்பான குற்றவாளி.

படத்தைத் தடுப்பதினும் வகுப்பில் அதனை விவாதிப்பதே ஆசிரியர் கடன். கபாலிக்கு ஒட்டப்பட்ட அவ்வரியை ஆறாம் ஆண்டு மாணவரிடம் கொடுத்து, இதை எழுதியவர் யார், யாருக்காக எழுதினார் என்று கேட்கட்டும். விடை சொல்ல அவர்களுக்கு அகராதி வேண்டியதில்லை.