ஃபாலோ அப்: யார் யாரைத் தொடரணும்?

எங்க ஓபி சீட்டுல கடைசி வரி பெரும்பாலும் இதுதான்: "ஒரு மாசம் கழிச்சு ஃபாலோ அப்." சுவாமிமலை பக்கம் பெரியவங்க "பாலப்புக்கு வந்திருக்கேன் சார்"னு வந்து நிப்பாங்க. அப்பனுக்கே புள்ளை பொருள் சொன்ன ஊரு இது. இந்தச் சொல்லுக்கும் பொருள் பாத்துடலாம்.

ஃபாலோன்னா பின்னால போறது. கூட ஒரு "அப்" ஒட்டினா அர்த்தமே வேற. ஆரம்பிச்ச வேலையை அப்படியே விடாம, அப்புறம் என்ன ஆச்சுன்னு போய்ப் பாக்கறது. நிருபர் ஒரு செய்தியை ஃபாலோ அப் பண்ணுவார். செய்தி தானா நடந்து ஆபீசுக்கு வராது. அதே மாதிரி இங்கிலீஷ்ல நோயாளியை ஃபாலோ அப் பண்றது டாக்டர். நம்மகிட்ட "ஃபாலோ அப்புக்கு வாங்க"ன்னு ஆனதும் வேலை மொத்தமும் நோயாளி தலையில விழுந்துடுச்சு.

நடவு நேரத்துல ஒரு நாள் ஓபின்னா ஒரு நாள் கூலி போச்சு. சுகர் மாத்திரை தீர்ந்திருக்கும், "நடவு முடியட்டும்"னு இருந்துடுவாங்க. அப்புறம் கால்ல புண்ணோடதான் பாப்போம். கேஸ் ஷீட்ல நாங்க எழுதறது: "லாஸ்ட் டு ஃபாலோ அப்". தொலைஞ்சு போனவராம்! அந்தம்மா அதே தெருவுல, அதே வீட்லதான் இருக்காங்க.

டிபி-யில முன்னாடி இதைவிட மோசம். பாதியில மருந்தை விட்டவருக்குப் பேரே "டிஃபால்ட்டர்", கடன் கட்டாதவனைச் சொல்ற வார்த்தை. 2013-ல உலக சுகாதார நிறுவனம் அதை எடுத்துட்டு, தொடர்ந்து 2 மாசமோ அதுக்கு மேலயோ சிகிச்சை நின்னா "லாஸ்ட் டு ஃபாலோ அப்"னு மாத்துச்சு. திட்டு போச்சு, சரி. தேடிப் போறது யாருங்கற கேள்வி அப்படியே நிக்குது.

அதுக்குப் பதில் நம்ம சென்னையிலயே எப்பவோ கிடைச்சாச்சு. 1956-ல அங்க ஆரம்பிச்ச காசநோய் ஆராய்ச்சி மையம், சானடோரியத்துல வெச்சுப் பாத்தவங்களையும் நெருக்கடியான வீடுகள்ல இருந்தபடியே மாத்திரை சாப்பிட்டவங்களையும் ஒப்பிட்டுது. 1959-ல முடிவு வந்துச்சு: வீட்டு சிகிச்சையும் ஏறக்குறைய அதே பலன். ஆனா சும்மா மாத்திரையைக் கொடுத்து அனுப்பிடல. சொல்லாம கொள்ளாம வீட்டுக்கே போய் மாத்திரையை எண்ணினாங்க, சிறுநீரை டெஸ்ட் பண்ணாங்க. அதுதான் ஃபாலோ அப். உலகம் முழுக்க சானடோரியங்கள் மூடினதுல இந்த ஆய்வுக்குப் பெரிய பங்கு உண்டு.

2021 ஆகஸ்ட் 5 கிருஷ்ணகிரி மாவட்டத்துல தொடங்கின "மக்களைத் தேடி மருத்துவம்" பேர்லயே வினையைச் சரியான ஆள்கிட்ட கொடுத்துடுச்சு. பிரஷர், சுகர் மாத்திரை வீட்டுக்கே போகுது. குறை சொல்ல நிறைய இருக்கலாம், திசை சரி.

சக டாக்டர்களுக்கு ஒண்ணு. சீட்டுல வெறும் ஃபாலோ அப்னு எழுதாம, தேதி, எதுக்கு வரணும், வரலைன்னா எந்த நம்பருக்கு நாம கூப்பிடுவோம்னு மூணையும் எழுதுங்க. நீங்க நோயாளின்னா, நம்பரை அவங்க கேக்கலைன்னாலும் கொடுத்துட்டு வாங்க. ரீசார்ஜ் தீர்ந்து நம்பர் மாறினா அதையும் சொல்லிடுங்க.