விற்காத நிலத்துக்கு ரசீது!

1863-ல் நெவாடாவின் ரூபி பள்ளத்தாக்கில், மேற்கு ஷோஷோனி மக்கள் அமெரிக்க அரசோடு ஒப்பந்தம் போட்டார்கள். வழி விடவும் சுரங்கம் தோண்டவும் சம்மதித்தார்கள். நிலத்தைக் கொடுத்துவிட்டதாக அதில் ஒரு வரி கூட இல்லை.

நடந்தது என்ன? வெள்ளையர்கள் கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே வந்ததாலேயே உரிமை போய்விட்டதாம்! 1962-ல் அரசின் ஆணையம் சொன்னது இது. 1872-ஆம் வருட விலையைப் போட்டு, 1979-ல் 2.6 கோடி டாலர் ஒதுக்கினார்கள். ஷோஷோனிகள் தொடவில்லை. "நிலம் விற்பனைக்கு இல்லை" என்றார்கள்.

மேரி டான், கேரி டான் சகோதரிகளின் வழக்கில் 1985-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதுதான் வேடிக்கை. அரசு தன் கருவூலத்திலேயே அவர்கள் பேரில் பணத்தைப் போட்டுவிட்டால், கொடுத்த மாதிரிதானாம்!

வாங்குபவரும் அரசு, விற்பவரின் காப்பாளரும் அரசு, ரசீதில் கையெழுத்தும் அரசு. எந்தக் கணக்குப் புத்தகம் இதை ஏற்கும்? பணத்தைப் பங்கிட 2004-ல் சட்டமும் போட்டார்கள். பங்கு பிரித்துவிட்டால் மட்டும், நடக்காத விற்பனை நடந்ததாகிவிடுமா?