சிலுக்குன்னா பாட்டு மட்டும்தானா?

கல்மண்டபம் டீக்கடையில் 'சிலுக்கு'ன்னு சொல்லிப் பாருங்க. உடனே பாட்டைச் சொல்வாங்க; நடிப்பைச் சொல்ல ஆள் கிடைக்கிறது கஷ்டம்.

ஆந்திராவின் ஏலூரு பக்கத்திலிருந்து வந்த விஜயலட்சுமிக்கு அந்தப் பெயரைக் கொடுத்ததே ஒரு கதாபாத்திரம்தான்: 'வண்டிச்சக்கரம்' (1980) படத்தின் சாராயக்கடைப் பெண். அடுத்த வருஷமே 'அலைகள் ஓய்வதில்லை'யில் தியாகராஜனின் மனைவியாக, கவர்ச்சியே இல்லாமல் நடித்துக் காட்டினார். கோடம்பாக்கம் அதைக் கண்டுக்கலை. 1982-ல் 'மூன்றாம் பிறை' வந்தது. 'பொன்மேனி உருகுதே' ஹிட் ஆனது. அப்புறம் வரிசையா பாட்டுதான். படத்தை விற்க போஸ்டரில் அவர் முகம் வேணும். கதையில் இடம் கிடையாது.

400-க்கும் மேல் படங்கள். 1996 செப்டம்பர் 23-ல் இறந்தபோது வயது 35.

'கவர்ச்சி நடிகை'ன்னு இன்னும் நாமதான் தலைப்பு போடுறோம். 'நடிகை' போதும்.