கிழிந்த சட்டையும் மருந்தாகும்

மனத்துயரம் மாத்திரையால் மட்டும் ஆறாது. அமெரிக்காவில், அலபாமா மாநிலத்துக் கீஸ் பெண்ட் ஊரைப் பாருங்கள். பருத்தித் தோட்டத்து அடிமைகளின் வழிவந்த பெண்கள் பழந்துணியில் போர்வை தைத்தார்கள். நிறமும் வரிசையும் அவரவர் மனசுப்படி! 1942-ல் மிசௌரி பெட்வே என்பவர் இறந்த கணவரின் வேலை உடுப்புகளையே வெட்டித் தைத்தார், அவர் நினைவாகப் போர்த்திக்கொள்ள. அவ்வூர்ப் போர்வைகள் 2002-ல் நியூயார்க் விட்னி கலைக்கூடத்தில் தொங்கின. 2006-ல் தபால் தலையிலும் வந்தன.

நம் லயத்தில் ஒரு அம்மா செத்தவர் சட்டையை எடுத்துத் தைத்தால், "பைத்தியமா?" என்று கேட்காதீர்கள். அழ முடியாத துக்கம் கைவழியே இறங்கட்டும். பூச்சிமருந்து அடித்த உடுப்பு மட்டும் வேண்டாம். மற்றதை நன்றாகத் துவைத்துக் கொடுங்கள். வாரக்கணக்கில் தூக்கமும் சோறும் இல்லையென்றால், ஆஸ்பத்திரிக்கும் அழைத்து வாருங்கள்.