இடையில ஒன்பது வருசம்

வீட்டில துவாசியேம் படிக்கிற பிள்ளை இருந்தால் இந்தக் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். ஸ்டாஜுக்கு இடம் தேடுகிற காலம். ஒரு கிழமை எங்கேயாவது போய் நின்று, வேலை எப்படி நடக்குது என்று பார்த்து, திரும்பி வந்து ரப்போர் எழுத வேணும். நாங்கள் என்ன செய்வோம்? லாச்சப்பலில் தெரிந்த கடைக்காரரைப் பிடிப்போம். இல்லாட்டி சொந்தத்துக்குள் ஒரு ஃபார்மசி. போன முறை ரூ காயில் ஒரு கடைக்குப் போனபோது, ஒரே கடையில் மூன்று பிள்ளையள் ஸ்டாஜ் செய்துகொண்டு நின்றார்கள். மூன்று பேரும் வாசலில் போன் பார்த்துக்கொண்டு.

என்ர மகளுக்கும் மச்சாளின் ஃபார்மசியில் சொல்லி வைத்திருந்தேன். இரவுச் சாப்பாட்டு நேரம் அவள் சொன்னாள்: "நான் மேரியில செய்யப் போறன். தேர்தலில வெல்லுற ஆக்கள் பிறகு என்னதான் வேலை செய்யினம் எண்டு பாக்க வேணும்."

அம்மா தட்டில் இருந்து தலை நிமிர்த்தவில்லை. "அரசியலாலதானே அங்க எல்லாத்தையும் விட்டிட்டு வந்தனாங்கள். இஞ்சயும் அதுவே?"

பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. உண்மையைச் சொன்னால் நானும் அம்மாவின் பக்கம்தான். அரசியல் என்ற சொல்லுக்கு எங்கள் வீட்டில் ஒரே அர்த்தம்தான் இருந்தது: ஊரடங்கு, சுற்றிவளைப்பு, ஒரு நாள் வெளியே போய்த் திரும்பி வராத அயல்வீட்டுப் பெடியன். "வாயை மூடிக்கொண்டு படி" என்று சொல்லித்தான் என்னையும் இஞ்ச வளர்த்தார்கள். நானும் அதையேதான் மகளுக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறேன், பிரெஞ்சில்.

மகளுக்கு இந்த எண்ணம் எங்கே இருந்து வந்தது என்று கேட்டேன். உமா குமரன். 2024 ஜூலை 4 பிரித்தானியத் தேர்தலில் வென்ற அந்தப் படம், அங்கே பாராளுமன்றத்துக்குப் போன முதல் தமிழர் என்று வாட்ஸப்பில் எல்லாக் குழுக்களிலும் சுத்தினதே, அதேதான். நானும் ஆறு பேருக்கு அனுப்பினேன். மகள் கேட்ட கேள்வியை மட்டும் நான் கேட்கவில்லை: "அதுக்கு முதல் அவ என்ன வேலை செய்தவ?"

தேடி வாசித்தேன். கதை 2024-ல் தொடங்கவில்லை. கிழக்கு லண்டனில் பிறந்தவர், தாய் தகப்பன் போரால் வந்தவர்கள். குயின் மேரி பல்கலைக்கழகத்தில் படித்தார். 2015-ல் தொழிற்கட்சி வேட்பாளராக ஹரோ கிழக்கில் நின்றார். தோற்றார். அவருக்கு 19,911 வாக்கு, வென்ற கொன்சர்வேட்டிவ் கட்சியின் பொப் பிளாக்மனுக்கு 24,668. வித்தியாசம் 4,757. ஹரோவில் எவ்வளவு தமிழ்ச் சனம் இருக்குது என்று உங்களுக்குத் தெரியும். சொந்தச் சனத்துக்கு நடுவில் நின்று, எல்லாரும் பார்க்கத் தோற்கிறது எப்படி இருந்திருக்கும்? எங்கட ஆக்கள் ஒரு பரீட்சையில் பிள்ளை விழுந்தாலே கலியாண வீட்டுக்குப் போகமாட்டோம்.

அதுக்குப் பிறகு 2024 வரை ஒன்பது வருசம். அந்த ஒன்பது வருசத்தை யாரும் வாட்ஸப்பில் அனுப்பவில்லை. படம் எடுக்க அதில ஒன்றும் இல்லை, எல்லாம் கந்தோர் வேலை. சுகாதார சேவையான என்.எச்.எஸ்ஸில் வேலை செய்திருக்கிறார், லண்டன் நகரசபையில் மேயர் சாதிக் கானிடம் வேலை செய்திருக்கிறார். கியர் ஸ்டார்மர் எதிர்க்கட்சித் தலைவராக இருந்தபோது பாராளுமன்ற விவகாரங்களைப் பார்க்கிற துணை இயக்குநர். பிறகு சி40 என்ற, உலக நகரங்களின் மேயர்கள் காலநிலைக்காகச் சேர்ந்து நடத்துகிற அமைப்பில் இராஜதந்திர உறவுகளுக்குப் பொறுப்பு. எல்லாம் மாதச் சம்பளம் வருகிற வேலைகள். 2024-ல் ஸ்ட்ராட்ஃபோர்ட் அன்ட் போ என்ற புதுத் தொகுதியில் நின்று 19,145 வாக்கு எடுத்தார், 11,634 வாக்கு வித்தியாசத்தில் வெற்றி. இந்தக் கணக்கைப் பாருங்கள்: தோற்றபோது எடுத்த வாக்கு, வென்றபோது எடுத்ததை விடக் கூட! வாக்கு மாதிரியே தொகுதியும் வருசமும் கட்சியின் காற்றும் முக்கியம். பிள்ளைக்கு இதைச் சொல்லிக்கொடுக்க வேணும், "கெட்டிக்காரி எண்டால் வெல்லுவாய்" என்று சொல்லக்கூடாது.

கார் து நோர்ட்டில் யூரோஸ்டார் ஏறினால் சென் பங்கிராசுக்குக் கொஞ்சம் முன்னால் அந்தத் தொகுதிக்குள்ளாலதான் போகும். ஸ்ட்ராட்ஃபோர்ட் இன்டர்நஷனல் என்று ஸ்டேஷனுக்குப் பெயர், யூரோஸ்டார் மட்டும் அங்கே நிற்காது. லாச்சப்பலில் இருந்து எத்தனை தரம் அதைத் தாண்டி மாமா வீட்டுக்குப் போயிருக்கிறோம்.

லண்டனுக்கும் எங்களுக்கும் ஒரு பெரிய வித்தியாசம் உண்டு. அங்கே வதிவிட உரிமையோடு இருக்கிற இலங்கைக் கடவுச்சீட்டுக்காரர், பொதுநலவாய நாட்டவர் என்ற கணக்கில் பொதுத்தேர்தலிலும் வாக்குப் போடலாம். எங்கட சனம் அங்கே வந்து கொஞ்சக் காலத்திலேயே கட்சிக்காரர் கதவைத் தட்டினதுக்கு அது ஒரு காரணம். இங்கே பிரெஞ்சுக் குடியுரிமை இல்லாமல் பாராளுமன்றத் தேர்தலும் இல்லை, மேரித் தேர்தலும் இல்லை. மேரித் தேர்தலில் ஐரோப்பிய ஒன்றிய நாட்டவருக்கு மட்டும் விலக்கு. பத்து வருட அகதி அட்டையோடு வாழ்ந்த எங்கட அப்பா அம்மாவின் தலைமுறைக்கு வாக்குச்சாவடி எங்கே இருக்குது என்றே தெரியாமல் போனது இதனால்தான். பிரெஞ்சுப் பாராளுமன்றத்துக்குத் தமிழ் வழி வந்தவர்கள் போயிருக்கிறார்கள். ரீயூனியன் தீவின் ழான்-போல் விராபுல்லே சட்டசபையிலும் செனட்டிலும் இருந்தவர். அவர்களுடைய முன்னோர் கரும்புத் தோட்டத்துக்குப் போனவர்கள், அது வேறு வரலாறு.

எங்கட பிள்ளைகளுக்கு அந்தத் தடை இல்லை. இங்கே பிறந்து வளர்கிற பிள்ளைக்குப் பதினெட்டில் குடியுரிமை தானாக வரும், எட்டு வயதில் இருந்து இங்கே வாழ்ந்திருந்தால் பதின்மூன்றிலேயே தாய் தகப்பன் கேட்கலாம். பிரெஞ்சுக்காரரான பிள்ளை பதினாறில் மேரிக்குப் போய் ரெசென்ஸ்மோன் செய்தால், பதினெட்டில் வாக்காளர் பட்டியலில் பெயர் தானாக ஏறும். இதை மறந்துபோய், பிறகு பக் பரீட்சைக்குப் பதியிற நேரம் ஓடித் திரிகிற வீடுகள் எனக்குத் தெரியும். பதினெட்டு வயதில் மேரித் தேர்தலிலும் நிற்கலாம், தேப்யுத்தே தேர்தலிலும் நிற்கலாம்.

தேர்தல் நேரம் கட்சிக்காரர் லாச்சப்பல் பக்கம் வந்து தமிழ்ப் பெயர் தேடுவார்கள். பட்டியலில் பெயர் வருகுது என்றால் சந்தோசம்தான். எத்தனையாவது இடம் என்று கேளுங்கள். நாற்பத்திமூன்று பேர் பட்டியலில் முப்பத்தெட்டாவது என்றால், அது எங்கட வாக்குக்காக ஒட்டின பெயர்.

குடியுரிமை இல்லாதவர்களுக்கும் ஒரு வாக்குப்பெட்டி உண்டு. ஒக்டோபரில் பள்ளிக்கூடத்தில் நடக்கிற பெற்றோர் பிரதிநிதித் தேர்தல். எந்த நாட்டவராக இருந்தாலும் வாக்குப் போடலாம், நிற்கலாம். அந்த உறை பிள்ளையின் பையிலேயே கசங்கிக் கிடக்கும். எங்கள் வீட்டிலும் அப்படித்தான் கிடந்தது, மூன்று வருசம்.

அம்மாவுக்கு இதை எல்லாம் எப்படிச் சொல்லுறது? "எம்.பி." என்று தொடங்காமல், "கொங்கூர்" என்று தொடங்கினேன். லிசென்ஸ் முடித்தால் அத்தாஷே தெரித்தோரியால் என்ற கொங்கூர் எழுதலாம், மேரியில் அரசாங்க உத்தியோகம். அம்மாவின் முகம் கொஞ்சம் மாறினது. ஃபார்மசிக்குப் பக்கத்திலாவது வந்துவிட்டது.

மகள் கடிதம் எழுதினாள், பதில் வரவில்லை. இரண்டாவது கடிதத்துக்கு மூன்று கிழமை கழித்து வந்தது: பிறப்பு, இறப்பு, கலியாணம் பதியிற பகுதியில் ஐந்து நாள் நிற்கலாம். மேயரைப் பார்க்க ஏலாது. மகளுக்கு முகம் தொங்கிப்போய்விட்டது. அம்மாதான் கேட்டா, "என்ன பகுதி எண்டு சொன்னனி?"

சொன்னாள்.

அம்மாவின் பத்திரத்தில் அப்பப்பாவின் பெயர் குடும்பப் பெயராகவும், அம்மாவின் பெயர் பாதி வெட்டியும் கிடக்குது, முப்பது வருசமாக. நான் ஒரு முறை கேட்டுப் பார்த்து விட்டுவிட்டேன்.

"அப்ப அங்க நிக்கிற ஆக்களிட்ட ஒருக்காக் கேட்டுக்கொண்டு வா," என்றா அம்மா. "என்ர பேரை மாத்த என்ன கடதாசி வேணும் எண்டு."