ஓட்டை எண்ண முடிந்தது, ஆளை எண்ண முடியவில்லையா?

நண்பர்களே, பதிவு கொஞ்சம் நீளம். பொறுமையாகப் படித்துவிட்டுச் சண்டைக்கு வாருங்கள்.

நம் நாட்டில் கடைசியாக மக்கள்தொகைக் கணக்கெடுப்பு நடந்தது 2011-ல். அதற்குப் பிறகு பிறந்த ஒரு குழந்தையும் அந்தக் கணக்கில் கிடையாது. அவர்களில் மூத்தவர்கள் இன்று உயர்நிலைப் பள்ளியில் படிக்கிறார்கள். அடுத்த கணக்கெடுப்புக்கு 2027 மார்ச் 1 என்று தேதி அறிவித்திருக்கிறார்கள். அதாவது பத்தாண்டு வேலைக்குப் பதினாறு ஆண்டு.

1881-லிருந்து பத்தாண்டுக்கு ஒருமுறை தவறாமல் நடந்த வேலை இது. 1941-ல் உலகப் போர், அப்போதும் எடுத்தார்கள். 1951-ல் பிரிவினைக் காயம் ஆறவில்லை, அகதிகள் போய்ச் சேர இடமில்லாமல் இருந்தார்கள், அப்போதும் எடுத்தோம். 1981-ல் அசாமிலும் 1991-ல் ஜம்மு காஷ்மீரிலும் எடுக்க முடியவில்லை, உண்மைதான். ஆனால் நாடு முழுவதற்குமே ஒரு சுற்று தவறிப்போனது 2021-ல்தான்.

"கொரோனா சார்" என்பீர்கள். 2020 ஏப்ரலில் வீட்டுப் பட்டியல் எடுப்பதைத் தள்ளி வைத்தது நியாயம். அந்த மாதம் ஆசிரியர்களை வீடு வீடாக அனுப்பியிருந்தால் நானே கொடி பிடித்திருப்பேன். ஆனால் அதே ஆண்டு அக்டோபர், நவம்பரில் பீகாரில் தேர்தல் நடந்தது. 2021 ஏப்ரலில் தமிழ்நாடு, கேரளம், வங்காளம், அசாம். 2022-ல் உத்தரப் பிரதேசம். 2024-ல் 96 கோடிக்கும் மேற்பட்ட வாக்காளர்களுக்கு நாடு முழுக்கத் தேர்தல். வாக்குச்சாவடியில் உட்கார்ந்தது யார்? பெரும்பாலும் ஆசிரியர்கள். சென்சஸ் எடுப்பதும் அவர்கள்தான். ஆள் இருந்தார்கள், மனம்தான் இல்லை.

சீனாவும் அமெரிக்காவும் கொரோனா நடுவிலேயே 2020-ல் எடுத்து முடித்தன. நேபாளம் 2021-ல் எடுத்தது. வங்கதேசமும் பிரேசிலும் 2022-ல் எடுத்தன. நம்மைவிட வசதி குறைந்த நாடுகளும் இதில் இருக்கின்றன.

சரி, எண்ணாவிட்டால் என்ன குடிமுழுகிப்போகும்? ஐந்தாம் வகுப்புக் கணக்குதான், போட்டுப் பாருங்கள். 2013 உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி கிராமத்தில் 75 சதவீதம், நகரத்தில் 50 சதவீதம் பேர் வரை ரேஷன் தானியம் பெறலாம். மொத்தத்தில் மக்கள்தொகையில் மூன்றில் இரண்டு பங்கு. ஆனால் அந்த எண்ணிக்கையை, வெளியான கடைசி சென்சஸை வைத்துத்தான் கணக்கிட வேண்டும் என்று சட்டத்தின் 9-ஆவது பிரிவு சொல்கிறது. 2011-ல் நாம் 121 கோடி. அதனால் உச்சவரம்பு 81.35 கோடிப் பேர். இன்று நாம் 140 கோடிக்கு மேல். அதில் மூன்றில் இரண்டு பங்கு 93 கோடி. நகரங்கள் பெருகியதற்காகக் கொஞ்சம் கழித்தாலும், குறைந்தது 10 கோடிப் பேர் சட்டம் கொடுத்த உரிமைக்கு வெளியே நிற்கிறார்கள்.

தமிழ்நாட்டில் எல்லோருக்கும் ரேஷன் என்பதால் நமக்கு இது உறைக்காது. பீகாரிலும் ஜார்கண்டிலும் கல்யாணமாகித் தனிக்குடித்தனம் போன பெண்ணுக்கும், அவள் குழந்தைக்கும் "ஒதுக்கீடு முடிந்துவிட்டது" என்ற பதில்தான். இ-ஷ்ரம் தளத்தில் பதிந்தும் ரேஷன் அட்டை இல்லாத சுமார் 8 கோடித் தொழிலாளர்களுக்கு அட்டை கொடுங்கள் என்று 2023-ல் உச்ச நீதிமன்றம் சொல்ல வேண்டிவந்தது. நம் ஊர்க் கட்டடங்களில் சாரம் கட்டி நிற்கிற வடநாட்டுப் பிள்ளைகளின் வீட்டுக் கதை இது.

பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு இடம் என்று 2023-ல் கைதட்டி நிறைவேற்றினார்களே, அதுவும் சென்சஸ் முடிந்து, தொகுதி மறுவரையறை முடிந்த பிறகுதான் என்று அந்தச் சட்டத்திலேயே எழுதியிருக்கிறது. 2024-ல் மக்களவைக்கு வந்த பெண்கள் 543-க்கு 74 பேர்.

"ஆதார் இருக்கிறதே, சென்சஸ் எதற்கு?" என்று படித்தவர்களே கேட்கிறார்கள். ஆதார் ஓர் அடையாள எண், அவ்வளவுதான். வீட்டில் கழிப்பறை உண்டா, தண்ணீருக்கு எவ்வளவு தூரம் போகிறார்கள், எந்த மொழி பேசுகிறார்கள், எந்த ஊரிலிருந்து எதற்காக வந்தார்கள் என்று ஆதார் சொல்லாது. சொல்லவும் கூடாது. சென்சஸில் தனிநபர் தகவல் ரகசியம், நீதிமன்றம்கூட அதைச் சாட்சியமாக எடுக்க முடியாது. அதனால்தான் ஜனங்கள் நம்பிப் பதில் சொல்கிறார்கள்.

1991, 2001, 2011 என்று மூன்று முறை இந்த வேலைக்குப் போனவன் நான். 2011 பிப்ரவரி 28 இரவு, வீடற்றவர்களை எண்ணும் இரவு. பஸ் ஸ்டாண்டிலும் கோயில் வாசலிலும் படுத்திருந்தவர்களை எழுப்பி, பேர், வயசு கேட்டு எழுதினோம். ஒரு பெரியவர், "என்னையும் எழுதுவீங்களா தம்பி?" என்று கேட்டார். எழுதினேன். அப்படி நாடு முழுக்க எழுதப்பட்டவர்கள் 17 லட்சத்துக்கும் மேல். ஓட்டுப் பட்டியலில் அவர்களில் எத்தனை பேர் இருப்பார்கள், நீங்களே யோசியுங்கள். ஓட்டு இல்லாதவரையும் அரசு தேடிப் போகிற வேலை இது ஒன்றுதான். அதைத்தான் முதலில் கைவிட்டார்கள்.

இது எப்படி முடிந்தது தெரியுமா? 1948 சென்சஸ் சட்டத்தில் "பத்தாண்டுக்கு ஒருமுறை" என்ற வார்த்தையே கிடையாது. மத்திய அரசு அவசியம் என்று நினைக்கும்போது எடுக்கலாம், அவ்வளவுதான். நேற்றுவரை வழக்கம் காப்பாற்றியது. வழக்கத்தை ஒருமுறை உடைத்தவர்கள் மறுமுறையும் உடைப்பார்கள், எந்தக் கட்சி இருந்தாலும்.

ஆகவே என் கோரிக்கை மூன்று. ஒன்று, பத்தாண்டு என்பதைச் சட்டத்தில் எழுதுங்கள். தள்ளிவைப்பதானால் நாடாளுமன்றத்தில் காரணம் சொல்லி ஒப்புதல் வாங்குங்கள். இரண்டு, புதிய கணக்கு வெளியாகும்வரை, அரசின் கையிலேயே இருக்கும் மக்கள்தொகை மதிப்பீட்டை வைத்து ரேஷன் எண்ணிக்கையை உயர்த்துங்கள். மூன்று, எடுத்த கணக்கைப் பூட்டி வைக்காமல், இத்தனை மாதத்துக்குள் வெளியிடுவோம் என்று தேதி சொல்லுங்கள்.

உங்கள் தொகுதி எம்.பி. ஓட்டுக் கேட்டு வரும்போது இந்த மூன்றையும் கேளுங்கள். கணக்கெடுக்க ஆசிரியர் உங்கள் வீட்டுக்கு வந்தால் ஒரு சொம்பு தண்ணீர் கொடுத்து, உண்மையான பதிலைச் சொல்லுங்கள். வெயிலில் வருவார்.

மாற்றுக் கருத்து இருந்தால் கீழே எழுதுங்கள். திட்டுவதானாலும் கணக்கோடு திட்டுங்கள்.