வராதவனை யார் தேடுகிறார்கள்?



பதிவு கொஞ்சம் நீளம். காபியை எடுத்துக்கொண்டு உட்காருங்கள். இன்றைக்கு ஜிம் பற்றி எழுதப் போகிறேன். "கணக்கு சாருக்கும் ஜிம்முக்கும் என்ன சம்பந்தம்?" என்று சிரிக்கிறவர்கள் சிரித்து முடித்துவிட்டு வாருங்கள். கணக்கும் வரும்.

முதலில் ஓர் உண்மையை ஒப்புக்கொள்கிறேன். போன வருஷம் எனக்குச் சர்க்கரை கூடிப்போனது. "நடை மட்டும் போதாது சார், தசைக்கும் வேலை கொடுங்கள்" என்றார் டாக்டர். பெங்களூரில் இருக்கும் என் மகன், நம் ஊரில் புதிதாகத் திறந்திருந்த ஏசி ஜிம் ஒன்றில் என் பெயருக்குப் பணம் கட்டிவிட்டான். மாதக் கட்டணம் 1,200 ரூபாய். ஒரு வருஷத்துக்குச் சேர்த்துக் கட்டினால் 9,600. அதாவது நான்கு மாதம் இலவசம். லாபம்தானே என்று நானும் தலையாட்டினேன்.

முதல் மாதம் 20 நாள் போனேன். இரண்டாம் மாதம் 11 நாள். பிறகு திருநெல்வேலியில் ஒரு கல்யாணம், வந்ததும் இருமல், அதற்கப்புறம் மழை. அவ்வளவுதான். மொத்தம் 31 நாள். 9,600-ஐ 31-ஆல் வகுத்துப் பாருங்கள். ஒரு நாளைக்கு ஏறக்குறைய 310 ரூபாய். மாதாமாதம் கட்டியிருந்தால் 2,400 ரூபாயோடு முடிந்திருக்கும். 36 வருஷம் லாப நட்டக் கணக்கு நடத்தியவனின் லட்சணம் இது.

பணம் போனதுகூடப் பெரிதில்லை. ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் மகன் போனில், "என்னப்பா, ஜிம்முக்குப் போறீங்களா?" என்று கேட்பான். "போறேன்டா" என்பேன். நான்கு மாதம் இப்படிச் சொன்னேன். வீட்டுப்பாடம் செய்யாமல் "நோட்டை வீட்டில் வைத்துவிட்டேன் சார்" என்று சொன்ன எத்தனை பேரை பெஞ்சு மேல் நிற்க வைத்திருக்கிறேன்! அவன் இதைப் படிப்பான் என்று தெரிந்துதான் எழுதுகிறேன்.

ஏன் போகவில்லை என்று யோசித்தேன். சோம்பல் என்று ஒரே வார்த்தையில் முடிக்க மனம் ஒப்பவில்லை. இதைப் பற்றி யாராவது ஆராய்ந்திருக்கிறார்களா என்று தேடினேன். இருக்கிறார்கள்.

ஸ்டெஃபானோ டெல்லவிக்னா, உல்ரிக்கே மால்மெண்டியர் என்ற இரண்டு பொருளாதாரப் பேராசிரியர்கள் 2006-ல் ஒரு கட்டுரை எழுதினார்கள். அமெரிக்காவில் மூன்று ஜிம்களில் சேர்ந்திருந்த 7,752 பேரின் வருகையை மூன்று வருஷத்துக்கு நாள் வாரியாக எடுத்துப் பார்த்தார்கள். நம் வருகைப் பதிவேடு மாதிரிதான். மாதம் 70 டாலருக்கு மேல் கட்டியவர்கள், மாதத்துக்குச் சராசரியாக 4.3 தடவைதான் வந்தார்கள். ஒரு தடவைக்கு 17 டாலருக்கு மேல் விழுந்தது. அதே இடத்தில் பத்துத் தடவைக்கான சீட்டு வாங்கியிருந்தால் தடவைக்கு 10 டாலரில் முடிந்திருக்கும்! படித்தவன், படிக்காதவன், அமெரிக்கன், இந்தியன் என்ற வித்தியாசமே இல்லை. "நாளைக்கு நான் ஒழுங்காக இருப்பேன்" என்று நம்பித்தான் எல்லோரும் இன்றைக்குப் பணம் கட்டுகிறோம்.

அந்தக் கட்டுரையில் என்னை உட்காரவைத்த விஷயங்கள் வேறு இரண்டு. மாதாமாதம் கட்டுகிறவர்கள் எப்போது வேண்டுமானாலும் விலகலாம். அதற்காகவே கூடுதல் பணம் கொடுக்கிறார்கள். ஆனால் வருஷத்துக்குச் சேர்த்துக் கட்டியவர்களைவிட இவர்கள்தான் ஒரு வருஷத்தைத் தாண்டியும் உறுப்பினராக நீடித்தார்கள். 17 சதவீதம் அதிகம். காரணம் எளிது. வருஷக் கட்டணம் தானாக முடிந்துபோகும். மாதக் கட்டணம் கார்டிலிருந்து தானாகப் போய்க்கொண்டே இருக்கும். நிறுத்த வேண்டுமென்றால் நாம்தான் எழுந்து போய்ச் சொல்ல வேண்டும்.

அடுத்தது, விலகியவர்களைப் பற்றியது. கடைசியாக ஜிம்முக்கு வந்த நாளுக்கும் விலகுகிறேன் என்று சொன்ன நாளுக்கும் நடுவே சராசரியாக இரண்டு மாதத்துக்கு மேல் இடைவெளி இருந்தது. அந்த இரண்டு மாதமும் பணம் போய்க்கொண்டுதான் இருந்தது.

இதைப் படித்ததும் எனக்கு ஜிம் நினைவுக்கு வரவில்லை. பள்ளிக்கூடம்தான் நினைவுக்கு வந்தது. பதிவேட்டில் பெயர் இருப்பது வேறு, ஆள் இருப்பது வேறு. ஒரு பையன் அரையாண்டுத் தேர்வுக்குப் பிறகு பள்ளியை விட்டு நின்றான் என்று எழுதுவோம். உண்மையில் அவன் காலாண்டு விடுமுறையிலேயே நின்றிருப்பான். நடுவில் அந்த இரண்டு மாதம் இருக்கிறதே, அப்போது அவன் இன்னும் முடிவு செய்திருக்க மாட்டான். யாராவது போய்க் கூப்பிட்டால் வந்துவிடுவான். கூப்பிடாவிட்டால் போய்விடுவான்.

இங்கே நான் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். ரொம்ப வருஷம் முன்னால், என் ஒன்பதாம் வகுப்பில் ஒரு பையன் காலாண்டு விடுமுறைக்குப் பிறகு வரவில்லை. தினமும் பெயரைக் கூப்பிட்டேன், பதில் இல்லை, சிவப்பு மையில் குறி போட்டேன். அவன் வீடு செங்கல் சூளைப் பக்கம், பள்ளியிலிருந்து இரண்டு கிலோமீட்டர்கூட இருக்காது. எனக்கு வழி தெரியும். என்னிடம் சைக்கிளும் இருந்தது. நான் போகவில்லை. அரையாண்டு முடிந்ததும் பெயரை நீக்கித் தலைமையாசிரியரிடம் கையெழுத்து வாங்கினேன்.

பத்துப் பன்னிரண்டு வருஷம் கழித்து அவனைப் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். மூட்டை இறக்கிக்கொண்டிருந்தான். அவனே வந்து வணக்கம் சொன்னான். "ஏம்ப்பா அப்போ நின்னுட்டே?" என்று கேட்டேன். "ஒரு வாரம் வேலைக்குப் போயிட்டு வரலாம்னுதான் சார் இருந்தேன். லேட்டாயிடுச்சு, நீங்க திட்டுவீங்கன்னு பயந்துட்டேன். அப்புறம் யாரும் கூப்பிடலை" என்றான். கோபமாகச் சொல்லவில்லை. சிரித்துக்கொண்டேதான் சொன்னான். எனக்குத்தான் அன்றைக்கு வீட்டில் சோறு இறங்கவில்லை.

போன வருஷம் நான் ஜிம்முக்குத் திரும்பிப் போகாததற்கும் அதே காரணம்தான். இருமல் சரியாகிவிட்டது. ஷூவைக்கூட ஒருநாள் மாட்டினேன். இத்தனை நாள் கழித்துப் போனால் அந்தப் பயிற்சியாளர் என்ன நினைப்பார், பழைய எடையைத் தூக்க முடியாமல் அந்த இளவட்டங்கள் முன்னால் நிற்க வேண்டுமே என்று கழற்றி வைத்துவிட்டேன். முதல் நாள் போவது சுலபம். விட்டுப்போன பிறகு மறுபடி போகிற முதல் நாள் இருக்கிறதே, அதுதான் கஷ்டம். அந்த ஜிம்மிலிருந்து ஒரு போன்கூட வரவில்லை. ஐந்தாவது மாதம் நானே போய், மீதிப் பணத்தைத் தர முடியுமா என்று கேட்டேன். ரசீதின் பின்பக்கத்தைப் படித்துப் பார்க்கச் சொன்னார்கள்.

நியாயமாகப் பேச வேண்டும். ஜிம் நடத்துகிறவர்களுக்கும் வாடகை இருக்கிறது, கரண்ட் பில் இருக்கிறது, மெஷின்களுக்குக் கடன் தவணை இருக்கிறது. பணம் கட்டிய எல்லோரும் ஒரே சாயங்காலம் வந்து நின்றால் நிற்க இடம் இருக்காது. வராதவர்கள் கட்டும் பணத்தில்தான் வருகிறவர்களுக்குக் கட்டணம் குறைகிறது. இதெல்லாம் எனக்குப் புரிகிறது. ஆனால் ஒரு தொழில், தன் வாடிக்கையாளர் வராமலிருப்பதை நம்பி நடக்க ஆரம்பித்துவிட்டால், அங்கே அவரை யார் தேடப் போகிறார்கள்? என் கருத்து இதுதான்: மெஷின் பழசாகிவிட்டது, ஏசி சரியில்லை என்றெல்லாம் விலகுகிறவர்கள் கொஞ்சம் பேர்தான். தாம் வராததை யாரும் கவனிக்கவில்லை என்பதால் விலகுகிறவர்கள்தான் அதிகம்.

வேறு காரணங்களும் உண்டு, மறுக்கவில்லை. என் தங்கை மகள் ஆசையாகச் சேர்ந்தாள். பெண்களுக்கென்று ஒதுக்கிய நேரம் காலை 11 முதல் 12. வேலைக்குப் போகிற பெண் அந்த நேரத்தில் எப்படிப் போவாள்? மற்ற நேரத்தில் போனால் பெண் பயிற்சியாளர் கிடையாது, பார்வைகள் மட்டும் உண்டு. ஒன்றரை மாதத்தில் நின்றுவிட்டாள். அவளைச் சோம்பேறி என்று சொன்ன மாமாக்களில் நானும் ஒருவன். மன்னித்துக்கொள் அம்மா.

இப்போது நான் வேறு இடத்துக்குப் போகிறேன். என்னிடம் பத்தாவது படித்த ஒருவன் மளிகைக் கடை மாடியில் ஒரு ஹாலில் ஜிம் வைத்திருக்கிறான். ஏசி கிடையாது, இரண்டு ஃபேன். மாதம் 800 ரூபாய், வருஷக் கட்டணமே வாங்குவதில்லை. வாசலில் ஒரு நீள நோட்டு. வருகிறவர்கள் கையெழுத்துப் போட வேண்டும். மூன்று நாள் கையெழுத்து இல்லையென்றால் அவனே போன் செய்கிறான். "சார், மூணு நாளா காணோமே, உடம்பு சரியில்லையா?" அவ்வளவுதான் கேட்பான். திட்டமாட்டான், அறிவுரை சொல்லமாட்டான். திரும்பிப் போகிற அன்று, "இன்னைக்குப் பாதி வெயிட் போதும் சார்" என்று அவனே முந்திக்கொள்வான். எனக்கு அந்தச் சங்கடமே இல்லாமல் போகிறது. எட்டு மாதமாகப் போகிறேன். இந்தப் பழக்கத்தை எங்கே கற்றுக்கொண்டான் என்று கேட்டேன். "நம்ம ஸ்கூல் அட்டெண்டன்ஸ்தான் சார்" என்றான். நான் செய்யத் தவறியதை அவன் செய்கிறான்.

"ஆயிரம் பேர் இருக்கும் ஜிம்மில் இது நடக்குமா?" என்று கேட்பீர்கள். நம் பள்ளியிலும் ஆயிரம் பேர் இருந்தார்கள். அதனால்தான் வகுப்பாசிரியர் என்று ஒருவரை வைத்தார்கள். ஒரு பயிற்சியாளருக்கு நாற்பது பேர் என்று பிரித்துக் கொடுத்தால் போயிற்று.

இனி சில வார்த்தைகள், வழக்கம்போல.

ஜிம்மில் சேரப் போகிறவர்களுக்கு: முதல் மூன்று மாதம் மாதாமாதம் கட்டுங்கள். தள்ளுபடியைப் பார்த்து ஏமாறாதீர்கள். ஜூன் மாதத்துப் புது நோட்டில் முதல் நான்கு பக்கம் எல்லோர் கையெழுத்தும் முத்து முத்தாக இருக்கும், ஆகஸ்டில் பார்க்க வேண்டும்! புது வருஷம், பிறந்த நாள், திங்கட்கிழமை என்றால் ஜிம்முக்குப் போகிறவர்கள் கூடுகிறார்கள் என்று 2014-ல் வந்த ஓர் ஆய்வும் சொல்கிறது. அந்த வேகத்தில் வருஷத்துக்கும் சேர்த்துப் பணம் கட்டாதீர்கள். வீட்டுக்குப் பக்கத்தில், வேலைக்குப் போகும் வழியில் இருக்கும் ஜிம்மாகப் பாருங்கள். காலண்டரில் போன நாளைக் குறியுங்கள். மாதக் கடைசியில் வகுத்துப் பாருங்கள்.

ஏற்கெனவே நின்றுவிட்டவர்களுக்கு: இரண்டில் ஒன்றை இந்த வாரமே செய்யுங்கள். ஒன்று, அரை மணி நேரமாவது போய்விட்டு வாருங்கள். அல்லது முறையாக விலகிவிடுங்கள். விலகுவது குற்றமில்லை. போகாமலும் விலகாமலும் இருப்பதுதான் மனதை அரிக்கும். பணம் தானாகப் போகும்படி வைத்திருந்தால், எடுப்பதற்கு 24 மணி நேரம் முன்னால் தகவல் வர வேண்டும் என்பது 2021 அக்டோபர் முதல் ரிசர்வ் வங்கியின் விதி. அந்தக் குறுஞ்செய்தியைப் படியுங்கள். யுபிஐ ஆட்டோபே என்றால் உங்கள் போனிலேயே நிறுத்தலாம். சேர்வதைச் சுலபமாகவும் விலகுவதைச் சிக்கலாகவும் வைப்பதை, ஏமாற்று வழிகளில் ஒன்றாக மத்திய அரசு 2023-ல் வெளியிட்ட நுகர்வோர் வழிகாட்டுதல் குறிப்பிடுகிறது. ஆன்லைனில் சேர்ந்து இப்படி மாட்டிக்கொண்டால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணுக்குப் பேசுங்கள்.

ஜிம் வைத்திருக்கும் என் மாணவர்களுக்கு: உங்களில் நான்கைந்து பேர் இருக்கிறீர்கள். விலகும் வாசலைத் திறந்தே வையுங்கள். சுலபமாகப் போக முடிந்தவன்தான் மறுபடி வருவான். மூன்றாம் நாள் ஒரு போன் செய்யுங்கள். பெண்களுக்கு வசதியான நேரத்தைப் பெண்களிடமே கேட்டு வையுங்கள்.

என் வயதுக்காரர்களுக்கு: உலக சுகாதார நிறுவனம் வாரத்துக்குக் குறைந்தது 150 நிமிஷம் நடை மாதிரி மிதமான உடற்பயிற்சியும், இரண்டு நாளாவது தசைக்கான பயிற்சியும் சொல்கிறது. 65-ஐத் தாண்டியவர்களுக்குத் தடுமாறி விழாமல் இருக்கச் சமநிலைப் பயிற்சியும் சேர்த்து. ஜிம் இல்லாமலும் இதைச் செய்யலாம். ஆனால் கூட ஒருவர் இருக்கட்டும். நீங்கள் வராவிட்டால் வாசலில் வந்து கூப்பிடுகிற ஒருவர்.

கடைசியாக, எல்லோருக்கும் ஒரு வீட்டுப்பாடம். ஜிம்மோ, சங்கமோ, குடும்ப வாட்ஸ்அப் குழுவோ, ஒரு காலத்தில் தினமும் வந்து இப்போது வராமல் இருக்கும் ஒருவரை நினைத்துப் பாருங்கள். இன்றைக்கே கூப்பிடுங்கள். "ஏன் வரவில்லை?" என்று கேட்காதீர்கள். "காணோமே" என்று மட்டும் சொல்லுங்கள்.

மகனே, இந்த ஞாயிற்றுக்கிழமை கேள். உண்மையைச் சொல்கிறேன்.

அன்புடன்,
உங்கள் கணக்கு சார்